டிரான்ஸ்ஃபர் ஆர்டரை எதிர்த்து கோர்ட்டுக்குப் போனால் ஜெயிக்க முடியுமா? அரசுக் கல்லூரி ஆசிரியர்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை

ஒரு வெள்ளிக்கிழமை மாலை என்று வைத்துக்கொள்வோம். கோவைப் பக்கம் ஓர் அரசு கலை அறிவியல் கல்லூரி. வேதியியல் உதவிப் பேராசிரியை கடைசி வகுப்பை முடித்துவிட்டு வெளியே வருகிறார். போனை எடுத்தால் வாட்ஸ்அப் குழு நிரம்பி வழிகிறது. யாரோ ஒரு பிடிஎஃப் போட்டிருக்கிறார்கள். திறந்து பார்த்தால், வரிசை எண் 14-ல் இவர் பெயர். ‘நிர்வாக நலன் கருதி’ ராமநாதபுரம் மாவட்டத்தில் உள்ள ஒரு கல்லூரிக்கு இடமாறுதல். உடனடியாகப் பணியிலிருந்து விடுவிக்கும்படி கல்லூரி முதல்வருக்கு உத்தரவு.

மகள் பத்தாம் வகுப்பு படிக்கிறாள். கணவருக்குத் திருப்பூரில் வேலை. மாமியாருக்கு வாரம் இரண்டு முறை டயாலிசிஸ். அன்று இரவு அவருக்கு வரும் பத்து போன் கால்களில் ஒன்பது ஒரே யோசனையைத்தான் சொல்லும்: “கோர்ட்டுக்குப் போங்க மேடம், ஸ்டே வாங்கிடலாம்!”

வாங்கிடலாமா?

காட்சி கற்பனைதான். ஆனால் கேள்வி ஒவ்வோர் ஆண்டும் உண்மையாகவே எழுகிறது. பதிலை முதலிலேயே சொல்லிவிடலாம்: பெரும்பாலான நேரங்களில் முடியாது. அதற்காக அந்த இடமாற்றம் நியாயமானது என்று நீதிமன்றம் சொல்வதாக அர்த்தம் இல்லை. ‘இது நியாயமா?’ என்ற கேள்விக்குள்ளேயே நீதிமன்றம் போவதில்லை. அது கேட்பது வேறு சில கேள்விகளை. அந்தக் கேள்விகள் என்ன என்று தெரிந்தவர்களுக்குத்தான் வழக்கில் ஏதாவது கிடைக்கிறது.

(இந்தக் கட்டுரையில் வரும் ஆண்டுகள், அந்தந்தத் தீர்ப்புகள் சட்டத் தொகுப்புகளில் வெளியான ஆண்டுகள். பேசுவது அரசுக் கல்லூரி ஆசிரியர்களைப் பற்றி. அரசு உதவி பெறும் தனியார் கல்லூரிகளில் நிர்வாகம்தான் பணி வழங்குகிறது. அங்கே 1976-ம் ஆண்டின் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் பொருந்தும். அது தனிக் கதை.)

என்னைக் கேட்காமலே எப்படி மாத்தலாம்?

மாற்றலாம். அரசுப் பணியின் அடிப்படையே அதுதான்.

தமிழ்நாட்டில் 160-க்கும் மேற்பட்ட அரசு கலை அறிவியல் கல்லூரிகள் இருக்கின்றன. ஆசிரியர் தேர்வு வாரியம் வழியாக உதவிப் பேராசிரியராக வருபவர் ஒரு கல்லூரிக்காகத் தேர்வு செய்யப்படுவதில்லை. கல்லூரிக் கல்வி இயக்ககத்தின் கீழ் உள்ள மாநிலம் தழுவிய பணிக்குத்தான் தேர்வாகிறார். முதல் நியமன ஆணையில் ஒரு கல்லூரியின் பெயர் இருப்பது, அந்த நாற்காலி அவருக்கே சொந்தம் என்பதற்கான பத்திரம் அல்ல.

அரசின் அடிப்படை விதிகளில் 11-வது விதி, அரசு ஊழியரின் முழு நேரமும் அரசின் வசம் என்கிறது. 15-வது விதி, ஒரு பணியிடத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றும் அதிகாரத்தை அரசுக்குத் தருகிறது. அதே விதியில் ஒரு வேலியும் உண்டு: திறமைக்குறைவு, தவறான நடத்தை, ஊழியரே எழுத்தில் கேட்பது ஆகிய காரணங்கள் தவிர, குறைந்த சம்பளப் பதவிக்கு ஒருவரை மாற்ற முடியாது. அதாவது ஊர் மாறலாம். சம்பளமும் பதவித் தரமும் இறங்கக் கூடாது.

இடமாற்றத்துக்கு முன்பு ஊழியரை அழைத்து விளக்கம் கேட்க வேண்டுமா? வேண்டியதில்லை. இதைச் சொன்னதே தமிழ்நாட்டு வழக்கு ஒன்றுதான். பள்ளிக் கல்வி இயக்குநர் தொடுத்த மேல்முறையீட்டில் 1994-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. அந்த வழக்கில் ஊழியருக்குச் சாதகமான இன்னொரு விஷயமும் இருக்கிறது. அதைப் பிறகு பார்ப்போம்.

எந்த கோர்ட்டுக்குப் போவது?

ஒரு காலத்தில் தமிழ்நாடு அரசு ஊழியர்களின் பணி வழக்குகளுக்கென்றே மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. 1988-ல் வந்த அது 2006-ல் மூடப்பட்டது. இப்போது நேராக உயர் நீதிமன்றம்தான். அரசமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவின் கீழ் ரிட் மனு போட வேண்டும். தென் மாவட்டங்கள் என்றால் 2004-ல் தொடங்கிய மதுரை அமர்வு, மற்றவை சென்னை. தனி நீதிபதி தீர்ப்பில் திருப்தி இல்லையென்றால் இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு. அதற்கும் மேல் டெல்லி.

பக்கத்து மாநிலமான கர்நாடகத்தில் நிர்வாகத் தீர்ப்பாயம் இன்னும் இருக்கிறது. அதனால் பெங்களூரு நண்பர் சொல்லும் வழிமுறை இங்கே அப்படியே பொருந்தாது.

நீதிமன்றம் கேட்பது மூன்றே கேள்விகள்

இடமாற்ற வழக்குகளில் பல பத்தாண்டுகளாக உச்ச நீதிமன்றம் ஒரே கோட்டில்தான் நிற்கிறது. யாரை எங்கே போடுவது என்பது நிர்வாகத்தின் வேலை. நீதிபதிகள் அதற்கு மேல்முறையீட்டு அதிகாரிகள் அல்ல. தலையிட வேண்டுமென்றால் மூன்று கதவுகளில் ஒன்றாவது திறக்க வேண்டும்.

ஒன்று, உத்தரவு போட்டவருக்கு அந்த அதிகாரம் இருந்ததா?

இரண்டு, கட்டாயமாகப் பின்பற்ற வேண்டிய சட்டவிதி ஏதாவது மீறப்பட்டதா?

மூன்று, உத்தரவுக்குப் பின்னால் கெட்ட உள்நோக்கம் இருந்ததா?

பட்டியலில் இல்லாததைக் கவனியுங்கள். மகளின் பத்தாம் வகுப்பு இல்லை. மாமியாரின் டயாலிசிஸ் இல்லை. 350 கிலோமீட்டர் பஸ் பயணம் இல்லை. இவையெல்லாம் அதிகாரியிடம் கொடுக்கும் கோரிக்கை மனுவில் கனமான காரணங்கள். ரிட் மனுவில் இவை மட்டுமே இருந்தால் வழக்கு நிற்காது.

இந்தக் கோட்டைப் போட்ட வழக்குகளில் அதிகம் மேற்கோள் காட்டப்படுவது, பீகார் ஆரம்பப் பள்ளி ஆசிரியர்களின் வழக்கு. ‘ஷில்பி போஸ் எதிர் பீகார் அரசு’ (1991). கணவர் வேலை செய்யும் இடத்துக்கே மாற்றல் கேட்ட ஆசிரியைகளுக்கு அரசு இடம் கொடுத்தது. அதனால் இடம் பறிபோனவர்கள் வழக்கு போட்டார்கள். பாட்னா உயர் நீதிமன்றம் இடமாற்றங்களை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை ரத்து செய்தது. நீதிமன்றங்கள் தினம் தினம் இடமாற்றங்களில் புகுந்தால் நிர்வாகமே குழம்பிப்போகும் என்பது அதன் வாதம்.

இதில் இன்னொரு பாடமும் இருக்கிறது. இடமாற்றத்தில் எப்போதும் இரண்டு குடும்பங்கள் இருக்கின்றன. உங்கள் இடத்துக்கு வருகிறவரும் பல வருடம் காத்திருந்து வந்தவராக இருக்கலாம். அதனால்தான் வழக்கில் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டியிருக்கிறது. சேர்க்காமல் போட்டால் மனு அங்கேயே நொண்டும்.

“கணவன்-மனைவி ஒரே ஊர்ல இருக்கணும்னு ஜி.ஓ இருக்கே?”

எல்லோரும் கேட்கும் கேள்வி இது. பதில், 1993-ல் வந்த அப்பாஸ் வழக்கு.

அவர் மத்திய அரசின் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தில் ஷில்லாங்கில் வேலை பார்த்தவர். அப்போது உத்தரப் பிரதேசத்தில் இருந்த பவுரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் அரசு வேலை. குழந்தைகள் அங்கேயே படிப்பு. அவருக்கு முதுகெலும்பில் பிரச்சினை வேறு. தம்பதியை முடிந்தவரை ஒரே இடத்தில் வைக்க வேண்டும் என்ற அரசு வழிகாட்டுதலும் கையில் இருந்தது. தீர்ப்பாயம் அவர் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் நிற்கவில்லை.

காரணம், வழிகாட்டுதல் வேறு, சட்டம் வேறு. வழிகாட்டுதலை அதிகாரி மனதில் கொள்ள வேண்டும். ஆனால் அதைக் காட்டி ‘இது என் உரிமை’ என்று நீதிமன்றத்தில் நிலைநாட்ட முடியாது.

இந்த ஒரு வேறுபாட்டில்தான் பாதி வழக்குகள் விழுகின்றன. ‘மூன்று வருடத்துக்கு முன் மாற்றக் கூடாது’, ‘ஓய்வுக்கு இரண்டு வருடம் இருந்தால் தொடக் கூடாது’ என்று நாம் காதில் கேட்கும் பல விஷயங்கள் சுற்றறிக்கையில் வந்தவையா, கலந்தாய்வு நெறிமுறையில் வந்தவையா, சட்டமன்றம் இயற்றிய சட்டத்தில் இருப்பவையா என்பதை முதலில் பார்க்க வேண்டும். வக்கீலிடம் போனதும் கேட்க வேண்டிய முதல் கேள்வியே இதுதான்: “சார், இது ரூலா, கைட்லைனா?”

உள்நோக்கம்: சொல்வது சுலபம், நிரூபிப்பது?

“பிரின்சிபாலுக்கு என்னைப் பிடிக்காது, அதான் தூக்கிட்டாங்க.” இதை நண்பர்களிடம் சொல்லலாம். நீதிமன்றத்தில் சொல்வதற்கு ஆதாரம் வேண்டும்.

இந்த விஷயத்தில் இந்தியா முழுக்கச் சட்ட மாணவர்கள் படிக்கும் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது. இ.பி. ராயப்பா மாநிலத்தின் தலைமைச் செயலாளராக இருந்தவர். அந்தப் பதவியிலிருந்து மாற்றப்பட்டதை எதிர்த்து, உள்நோக்கத்தோடு செய்யப்பட்டது என்று உச்ச நீதிமன்றம் போனார். ஐந்து நீதிபதிகள் விசாரித்தார்கள். மனு தள்ளுபடியானது. உள்நோக்கம் என்று குற்றம்சாட்டுபவர் மீதுதான் நிரூபிக்கும் பாரம், அதுவும் மிகக் கனமான பாரம் என்றது 1974-ல் வெளியான அந்தத் தீர்ப்பு.

சுவாரசியம் என்னவென்றால், அதே தீர்ப்பில்தான் தான்தோன்றித்தனமான அரசு நடவடிக்கை எதுவாக இருந்தாலும் அது சமத்துவத்துக்கு எதிரானது என்ற கருத்தும் வந்தது. 14-வது பிரிவைப் பற்றிய பல பெரிய தீர்ப்புகளுக்கு அது அடிக்கல். ராயப்பாவுக்குத் தோல்வி, அவர் பெயரால் பின்னால் வந்த எத்தனையோ பேருக்கு ஆயுதம்.

நடைமுறையில் இரண்டு விஷயங்கள் முக்கியம். யார் மீது உள்நோக்கம் சாட்டுகிறீர்களோ, அவரைப் பதவியால் மட்டும் அல்ல, தனிப்பட்ட முறையிலும் பெயர் சொல்லி வழக்கில் சேர்க்க வேண்டும். அவருக்குப் பதில் சொல்ல வாய்ப்பு வேண்டும் அல்லவா? 1992-ல் பீகார் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதை அழுத்திச் சொல்லியிருக்கிறது. அடுத்தது தேதிகள். நீங்கள் புகார் கொடுத்த தேதி, அதற்குப் பிறகு வந்த மெமோ, அதற்குப் பிறகு வந்த மாற்றல். ஆத்திரத்தோடு எழுதிய பத்துப் பக்கத்தை விட இந்த மூன்று தேதிகள் அதிகம் பேசும்.

“எம்.எல்.ஏ சொல்லித்தான் மாத்தினாங்க” என்பது? அதுவும் தானாகப் போதாது. மக்கள் பிரதிநிதி ஒரு பரிந்துரை கொடுத்தார் என்பதாலேயே உத்தரவு கெட்டுவிடாது என்று 2007-ல், உத்தரப் பிரதேச நகராட்சி அதிகாரி ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதிகாரி தன் மூளையைப் பயன்படுத்தி முடிவெடுத்தாரா, வெறும் கையெழுத்து மட்டும் போட்டாரா என்பதை அந்தந்த வழக்கின் உண்மைகளை வைத்துத்தான் பார்க்க முடியும்.

தண்டனைக்குப் பதிலாக வரும் மாற்றல்

ஆசிரியர்கள் ஜெயிக்க வாய்ப்புள்ள இடம் இது.

மத்திய கலால் துறை அதிகாரி ஒருவர் மீது மொட்டைக் கடிதம் வந்தது. விசாரித்தார்கள், ஒன்றும் நிரூபணம் ஆகவில்லை. ஆனாலும் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். 2009-ல் வெளியான தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. நிர்வாகத் தேவைக்காக மாற்றுவது வேறு; தண்டனை கொடுக்க வேண்டிய இடத்தில் அதற்குப் பதிலாக மாற்றுவது வேறு. இரண்டாவது சட்டவிரோதம்.

கல்லூரிக்கு இதை எப்படிப் பொருத்துவது? ஓர் ஆசிரியர் மீது புகார் என்றால் அதற்கு வழி இருக்கிறது. 17(ஏ), 17(பி) என்று அலுவலகங்களில் சொல்வார்களே, அந்த ஒழுங்கு நடவடிக்கை விதிகள். குற்றச்சாட்டு, விளக்கம், விசாரணை என்று அது போகும். அந்தச் சிரமமெல்லாம் எதற்கு என்று ‘நிர்வாக நலன்’ என்ற முகமூடியோடு ஒருவரைத் தூர ஊருக்கு அனுப்பினால், முகமூடியை விலக்கிப் பார்க்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. உத்தரவிலேயே ‘புகார்களின் அடிப்படையில்’ என்று ஒரு வரி இருந்தால் வழக்கின் நிறமே மாறிவிடும்.

ஆனால் இதிலும் ஓர் எச்சரிக்கை. புகார் இருக்கும்போது, விசாரணை முடியும் வரை கல்லூரியின் அமைதிக்காக ஒருவரை மாற்றுவது எப்போதுமே தவறு என்று நீதிமன்றங்கள் சொல்வதில்லை. மாணவிகள் பாலியல் புகார் கொடுத்திருக்கும் கல்லூரியில், குற்றம்சாட்டப்பட்டவரை அங்கேயே வைத்துக்கொண்டு விசாரிக்க முடியுமா? அதே தீர்ப்பை எல்லா இடத்திலும் கேடயமாகப் பிடிக்க முடியாது.

வருஷ நடுவுல மாத்தினா?

1994 தமிழ்நாட்டு வழக்கில் ஊழியருக்குச் சாதகமாக ஒன்று இருக்கிறது என்றோம் அல்லவா? அது இதுதான். முன்கூட்டிக் கேட்க வேண்டியதில்லை என்று சொன்ன அதே கையோடு, குழந்தைகள் படித்துக்கொண்டிருக்கும்போது, அவசர நிர்வாகத் தேவை இல்லாத நிலையில், கல்வியாண்டின் நடுவே மாற்றுவது சரியல்ல என்றது உச்ச நீதிமன்றம். அந்தக் கல்வியாண்டு முடியும் வரை மாற்றலை அமல்படுத்த வேண்டாம் என்றும் சொன்னது.

இடமாற்றம் ரத்தாகவில்லை, தள்ளிப்போனது. நம் கோவைப் பேராசிரியைக்கு உண்மையில் உதவக்கூடிய தீர்ப்பு இதுவாக இருக்கலாம். ‘மாற்றவே கூடாது’ என்று கேட்டுத் தோற்பதைவிட, ‘ஏப்ரல் வரை அவகாசம் கொடுங்கள்’ என்று கேட்டு ஜெயிப்பது புத்திசாலித்தனம். அடிக்கடி, அட்டவணை இல்லாமல் மாற்றுவது ஒரு குடும்பத்தையே வேரோடு பிடுங்கும், பிள்ளைகள் படிப்பைக் குலைக்கும் என்று 1986-லேயே கர்நாடக வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் கவலைப்பட்டிருக்கிறது.

நானே கேட்கிறேன், ஏன் கொடுக்க மாட்டாங்க?

வழக்குகளில் இன்னொரு வகை இது. தூக்கிப் போட்டதை எதிர்த்து அல்ல. கேட்ட இடம் கிடைக்கவில்லை என்று.

2021-ல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது ஒரு கல்லூரி விரிவுரையாளரின் வழக்குதான். உத்தரப் பிரதேசத்தின் அம்ரோஹாவில் பணிபுரிந்தவர், கௌதம புத்த நகர் மாவட்டக் கல்லூரிக்கு மாற்றல் கேட்டார். ஏற்கெனவே 2000 முதல் 2013 வரை சுமார் 13 வருடம் அங்கேதான் இருந்தீர்கள் என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் மனுவை ஏற்கவில்லை. உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. இந்த இடத்துக்குத்தான் போவேன் என்று ஊழியர் வற்புறுத்த முடியாது. தேவையைப் பார்த்து முடிவு செய்வது பணி வழங்குபவர் என்றது.

ஆனால் கலந்தாய்வு என்று ஒன்றை அரசே அறிவித்துவிட்டால் கணக்கு கொஞ்சம் மாறும். பணிமூப்புப்படி அழைப்போம், காலியிடங்களை எல்லோருக்கும் காட்டுவோம் என்று சொல்லிவிட்டு, ஒரு காலியிடத்தை மறைத்து வைத்து, கலந்தாய்வு முடிந்த மறுவாரம் இன்னொருவருக்குக் கொடுத்தால்? இப்போது நீங்கள் கேட்பது குறிப்பிட்ட ஓர் ஊரை அல்ல. சமமாக நடத்தப்படும் உரிமையை. அது 14, 16-வது பிரிவுகளின் கீழ் வரும் வாதம். ‘எனக்கு மதுரை வேண்டும்’ என்பதைவிட ‘மதுரை காலியாக இருந்ததை என்னிடம் ஏன் காட்டவில்லை?’ என்பதற்கு நீதிமன்றத்தில் கனம் அதிகம். இதற்கு ஆதாரம் திரட்டத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் உதவும். 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும்.

மாற்றுத்திறனாளிகள், குடும்ப வாழ்க்கை

2016-ம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20-வது பிரிவு, மாற்றுத்திறன் கொண்ட ஊழியர்களின் பணியமர்த்தல், இடமாற்றம் குறித்து அரசு கொள்கை வகுக்க இடமளிக்கிறது. இது வெறும் சுற்றறிக்கை அல்ல, நாடாளுமன்றச் சட்டம் என்பதால், மனுவில் இதை முதல் பக்கத்திலேயே சொல்ல வேண்டும்.

குடும்பம் என்ற வாதத்துக்கும் 2022-ல் கொஞ்சம் வெளிச்சம் கிடைத்தது. மத்திய மறைமுக வரித் துறை ஊழியர்களின் வழக்கில், மாற்றலை நிறுத்திய துறையின் சுற்றறிக்கையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்யவில்லை. ஆனால் தம்பதியர், பெண்கள், மாற்றுத்திறனாளிகள் ஆகியோரின் நிலையை மனதில் வைத்துக் கொள்கையை மறுபடி பரிசீலிக்கும்படி சொன்னது. குடும்ப வாழ்க்கையும் மனித மாண்பின் ஒரு பகுதி, கொள்கை வகுக்கும்போது அரசு அதை மறந்துவிட முடியாது என்பதுதான் அதன் சாரம். தனிநபருக்கு ஸ்டே வாங்கித் தரும் தீர்ப்பு அல்ல இது. சங்கங்கள் கையில் எடுத்து அரசிடம் பேச வேண்டிய தீர்ப்பு.

பெரிய தவறு: ‘ஆர்டரை வாங்காதீங்க, லீவ் போட்டுடுங்க’

கோர்ட்டுக்குப் போகச் சொன்ன அந்த ஒன்பது பேரில் நான்கு பேராவது இதையும் சேர்த்துச் சொல்லியிருப்பார்கள். மெடிக்கல் லீவ் போட்டுவிட்டு, உத்தரவைக் கையில் வாங்காமல், அதற்குள் தடை வாங்குவது. ஆபத்தான விளையாட்டு. ஆளே இல்லாவிட்டாலும் விடுவித்ததாகப் பதிவு செய்து தபாலில் அனுப்ப நிர்வாகத்தால் முடியும். மருத்துவக் குழுவின் முன் ஆஜராகச் சொல்லவும் முடியும்.

அதைவிடப் பெரிய ஆபத்து, புதிய இடத்தில் சேராமலே இருப்பது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் அப்படித்தான் இருந்தார். கோரிக்கை மனு கொடுத்திருக்கிறேன், பதில் வரட்டும் என்று காத்திருந்தார். வேலையே போனது. 1989-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: மனு கொடுக்கும் உரிமை உண்டு, ஆனால் மாற்றல் ரத்தாகாதவரை, தடை இல்லாதவரை, போய்ச் சேர்ந்தாக வேண்டும். முதலில் போய்ச் சேர், பிறகு முறையிடு என்பதை 2006-லும் அது திரும்பச் சொன்னது.

“சேர்ந்துட்டா கேஸ் போச்சே?” என்பது நியாயமான பயம். சேர்ந்ததால் மட்டுமே முறையிடும் உரிமை அழிந்துவிடாது. ‘என் ஆட்சேபத்துக்கு உட்பட்டுச் சேர்கிறேன்’ என்று எழுதிக்கொடுத்துச் சேரலாம். ஆனால் சேர்ந்த பிறகு இடைக்காலத் தடை கிடைப்பது கடினமாகும் என்பதும் உண்மை. அதனால்தான் முதல் சில நாட்கள் முக்கியம்.

அந்த நாட்களில் செய்ய வேண்டியவை இவ்வளவுதான். உத்தரவின் முழு நகலை வாங்குங்கள். வாட்ஸ்அப் ஸ்கிரீன்ஷாட் போதாது. கையெழுத்துப் போட்டது யார், எந்த விதியின் கீழ், என்ன காரணம் என்ற மூன்றையும் அதில் தேடுங்கள். கல்லூரி முதல்வர் வழியாக இயக்குநருக்குக் கோரிக்கை மனு கொடுங்கள். கொடுத்ததற்கு ஒப்புகை வாங்குங்கள். மனுவில் கோபம் வேண்டாம்; மருத்துவச் சான்று, பள்ளிச் சான்று, வருடங்களின் கணக்கு போதும். உங்கள் இடத்துக்கு யார் வருகிறார் என்று தெரிந்துகொள்ளுங்கள். வழக்கு போட வேண்டுமென்றால், விடுவிக்கப்படுவதற்கு முன்பே வக்கீலைப் பாருங்கள்.

பல வழக்குகள் எப்படி முடிகின்றன தெரியுமா? வெற்றியும் இல்லை, தோல்வியும் இல்லை. ‘மனுதாரர் கொடுத்த கோரிக்கையைக் குறிப்பிட்ட வாரங்களுக்குள் சட்டப்படி பரிசீலித்து முடிவெடுங்கள்’ என்று அதிகாரிக்கு உத்தரவு. பந்து திரும்பவும் இயக்ககத்தின் மேஜைக்கே போகும். அப்போது பேசப்போவது நீங்கள் முதல் நாள் எழுதிய அந்த மனுதான். அதை அவசரத்தில் நாலு வரியில் எழுதியவர்கள் இங்கேதான் வருத்தப்படுகிறார்கள்.

அப்படியானால் தீர்வு எங்கே?

மகாராஷ்டிரத்தைப் பாருங்கள். அரசு ஊழியர் இடமாற்றத்துக்கென்றே 2005-ம் ஆண்டு ஒரு சட்டம் இயற்றினார்கள். ஓரிடத்தில் சாதாரணமாக மூன்று ஆண்டுகள். இடமாற்றங்கள் ஏப்ரல் அல்லது மே மாதத்தில். நடுவில் மாற்ற வேண்டுமென்றால் காரணத்தை எழுத்தில் பதிவு செய்து, மேலதிகாரியின் முன் ஒப்புதல் வாங்க வேண்டும். இது சட்டம் என்பதால், மீறினால் நாம் முன்பு சொன்ன இரண்டாவது கதவு தானாகத் திறக்கும். ஊழியர் தன் கண்ணீரைக் காட்ட வேண்டியதில்லை. சட்டப் பிரிவைக் காட்டினால் போதும். கர்நாடகமும் பள்ளி ஆசிரியர் இடமாற்றத்துக்குத் தனிச் சட்டம் வைத்திருக்கிறது. அங்கும் வழக்குகள் இல்லாமல் இல்லை. ஆனால் எதை வைத்து வாதாடுவது என்பது இரண்டு தரப்புக்கும் தெரியும்.

இன்னொரு பக்கத்தையும் பார்த்தால்தான் படம் முழுமையாகும். எல்லோரும் கோவை, சென்னை, திருச்சி, மதுரை என்று கேட்டால், கடலாடிக்கும் கூடலூருக்கும் யார் போவது? அங்கே படிப்பவர்கள் பெரும்பாலும் குடும்பத்தில் முதல் பட்டதாரிகள். ஒரு துறையில் நிரந்தர ஆசிரியர் ஒருவர்கூட இல்லாமல் கௌரவ விரிவுரையாளர்களை வைத்தே பருவத்தை ஓட்டும் கல்லூரிகளுக்கு, ஒரு மாற்றல் உத்தரவு என்பது ஒரு ஆசிரியர் கிடைக்கிறார் என்ற செய்தி. அதே நேரம், அந்த இடத்தில் அதுவரை பாடம் நடத்திய கௌரவ விரிவுரையாளருக்கு அது வேலை போகும் செய்தியாகவும் இருக்கலாம். அவருக்கு இடமாற்றமும் கிடையாது, எதிர்த்து வாதாட உத்தரவும் கிடையாது.

அண்ணாமலைப் பல்கலைக்கழகம் 2013-ல் அரசின் கட்டுப்பாட்டுக்கு வந்த பிறகு, உபரி என்று கணக்கிடப்பட்ட ஆசிரியர்கள் பல அரசுக் கல்லூரிகளுக்குப் பணி நிரவலில் அனுப்பப்பட்டதை நினைத்துப் பாருங்கள். சிதம்பரத்தில் வீடு கட்டிக் குடியிருந்தவர்களுக்கு அது இடி. ஆசிரியர் இல்லாத கல்லூரிக்கு அது வரம். இரண்டும் ஒரே நேரத்தில் உண்மை.

இந்த இரண்டு உண்மைகளையும் எடை போடும் தராசு நீதிமன்றத்திடம் இல்லை. தன்னிடம் இல்லை என்று அதுவே பலமுறை சொல்லிவிட்டது. தூரக் கல்லூரியில் இத்தனை வருடம் வேலை பார்த்தால் அடுத்து கேட்கும் இடத்தில் முன்னுரிமை, எல்லாக் காலியிடமும் ஆன்லைனில் வெளிப்படை, வருடத்துக்கு ஒரே மாதத்தில் மாற்றல் என்று சட்டமாக எழுதி வைத்தால், யாரும் வெள்ளிக்கிழமை மாலை பிடிஎஃப் பார்த்து அதிர வேண்டியிருக்காது. அதைச் செய்ய வேண்டியது சட்டமன்றம்.

அதுவரை நம் கோவைப் பேராசிரியைக்குச் சொல்லக்கூடியது ஒன்றுதான். மேடம், ஸ்டே வாங்கிடலாம் என்று சொல்லும் போனை வைத்துவிட்டு, முதலில் அந்த உத்தரவை முழுசாகப் படியுங்கள். யார் கையெழுத்து, என்ன காரணம், எந்தத் தேதி என்று பாருங்கள். அந்த ஒரு பக்கத்தில்தான் உங்கள் வழக்கு இருக்கிறது, இருந்தால். இல்லையென்றால், மகளின் பரீட்சை முடியும் வரை அவகாசம் கேட்டு இன்றிரவே ஒரு நல்ல மனு எழுதுங்கள்.